வருமுன் காக்கக் கற்ற சட்டம்

மாணவ நண்பர்களே, சட்டம் என்ற சொல்லைக் கேட்டவுடன் நம் மனக்கண்முன் நீதிமன்றமும் சிறைச்சாலையும் தோன்றுகின்றன. தீங்கு நடந்து முடிந்தபின் அதனைச் செய்தவனைப் பிடித்துத் தண்டிப்பதே சட்டத்தின் தொழில் என்று நாம் கருதிவிடுகிறோம். களவுக்கும் கைகலப்புக்கும் அஃது ஓரளவு பொருந்தலாம். நீருக்கும் காற்றுக்கும் அது பொருந்தாது. நஞ்சு கலந்த ஏரியை எந்தத் தீர்ப்பும் மறுநாளே தெளிய வைக்காது. மூச்சோடு உள்ளே சென்ற புகையை எந்த அபராதத் தொகையும் வெளியே கொண்டு வராது. ஆகவே, நீரையும் காற்றையும் காக்க விரும்பும் சட்டம் தீங்கிற்குப் பின்னால் நடந்து வந்தால் பயனில்லை. முன்னால் சென்று நிற்க வேண்டும். நம் நாட்டுச் சட்டம் இந்தப் பாடத்தை ஒரே நாளில் கற்கவில்லை. நூறாண்டுகளுக்கு மேலாகச் சிறிது சிறிதாகக் கற்றது. அந்த வரலாற்றையே இன்று நாம் காணப் போகிறோம்.

இவ்வரலாற்றை விளங்கிக்கொள்ளத் திருவள்ளூர் மாவட்டத்தைப் போல் ஏற்றதோர் இடம் கிடைப்பது அரிது. சென்னை மாநகர மக்கள் பருகும் நீரில் பெரும்பகுதி இம்மாவட்டத்து ஏரிகளில்தான் தங்கி வருகிறது. கொசத்தலையாற்றின் குறுக்கே 1944-ஆம் ஆண்டில் கட்டி முடிக்கப்பெற்ற பூண்டி நீர்த்தேக்கம், சோழவரம் ஏரி, புழல் ஏரி ஆகிய மூன்றும் இங்கேதான் இருக்கின்றன. கிருஷ்ணா நதியின் நீரைக் கொணரும் கால்வாயும் ஊத்துக்கோட்டைக்கு அருகே இம்மாவட்டத்தினுள் நுழைகிறது. 2020-ஆம் ஆண்டில் கும்மிடிப்பூண்டி வட்டத்தில் கண்ணன்கோட்டை, தேர்வாய்க் கண்டிகை ஆகிய ஊர்களை ஒட்டி மேலும் ஒரு நீர்த்தேக்கம் திறக்கப்பெற்றது. இம்மாவட்டத்தின் ஊடே ஓடும் ஆரணியாறு பழவேற்காட்டை நோக்கிச் செல்கிறது. கொசத்தலையாறு எண்ணூர்க் கழிமுகத்தில் கடலை அடைகிறது.

இதே மாவட்டத்தில், சென்னையிலிருந்து கொல்கத்தா செல்லும் நெடுஞ்சாலையில், ஏறத்தாழ 45 கிலோமீட்டர் வடக்கே அமைந்திருப்பது கும்மிடிப்பூண்டி. தமிழ்நாடு அரசு 1971-ஆம் ஆண்டில் நிறுவிய சிப்காட் என்னும் தொழில் வளர்ச்சிக் கழகம் பின்னாளில் இங்கே ஒரு பெரும் தொழில் வளாகத்தை அமைத்தது. பழைய இரும்பை உருக்கும் உலைகளும், கம்பி இழுக்கும் உருட்டாலைகளும், இரசாயனத் தொழிற்சாலைகளும், பழைய பேட்டரிகளிலிருந்து ஈயத்தைப் பிரித்தெடுக்கும் பட்டறைகளும் இவ்வட்டாரத்தில் பெருகின. பல்லாயிரம் குடும்பங்கள் அவற்றால் பிழைக்கின்றன. குடிநீரைத் தேக்கி வைக்கும் மண்ணும், உலை எரியும் மண்ணும் ஒன்றாகவே இருக்கும் இடத்தில், இரண்டையும் எவ்வாறு ஒருங்கே காப்பது? இதுவே சட்டத்தின் முன் நிற்கும் வினா.

முதலில் 1860-ஆம் ஆண்டுக்குச் செல்வோம். அவ்வாண்டில் இயற்றப்பெற்ற இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 277-ஆம் பிரிவு, பொது ஊற்றையோ நீர்நிலையையோ வேண்டுமென்றே கெடுப்பதைக் குற்றமாக்கிற்று. 278-ஆம் பிரிவு, காற்றை உடல்நலத்துக்குக் கேடாக்குவதைக் குற்றமாக்கிற்று. அப்பிரிவுகள் விதித்த அபராதத்தின் உச்ச அளவு 500 ரூபாய். நோக்கம் நல்லதே. ஆனால் அவை ஒரு தனி மனிதனை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. கிணற்றில் அழுக்கைக் கொட்டும் ஒருவனைக் கையும் மெய்யுமாகப் பிடிக்கலாம். நூறு புகைபோக்கிகள் ஓயாது புகை கக்கும் ஊரில், யாருடைய புகை யாருடைய நுரையீரலைக் கெடுத்தது என்று எவ்வாறு மெய்ப்பிப்பது? மேலும், குற்றம் என்று சொல்வதற்கே முதலில் நீர் கெட்டிருக்க வேண்டும்.

அதன்பின் ஆங்கிலேயர் ஆட்சிக் காலத்திலேயே சில முயற்சிகள் நடைபெற்றன. 1905-இல் வங்காளத்திலும், 1912-இல் பம்பாயிலும் ஆலைப் புகைத் தொல்லையைத் தடுக்கச் சட்டங்கள் வந்தன. நம் சென்னை மாகாணத்தில் 1939-ஆம் ஆண்டில் பொதுச் சுகாதாரச் சட்டம் இயற்றப்பெற்றது. சுகாதாரத்துக்குக் கேடான பொதுத் தொல்லைகளை அகற்ற உள்ளாட்சி அமைப்புகளுக்கு அஃது அதிகாரம் தந்தது. விடுதலைக்குப் பின்னர் 1948-இல் வந்த தொழிற்சாலைகள் சட்டம், ஆலைக் கழிவுகளைத் தீங்கின்றி அகற்றுவதற்குரிய ஏற்பாடுகளை உரிமையாளர் செய்தல் வேண்டும் என்று விதித்தது. எனினும் நாடு முழுவதற்கும் பொதுவான அளவுகோல் ஒன்றும் இல்லை. அளந்து பார்ப்பதற்கென்றே ஓர் அமைப்பும் இல்லை.

அத்தகைய அமைப்பை உருவாக்கும் எண்ணம் 1962-ஆம் ஆண்டில் வடிவம் பெற்றது. நீர் மாசைத் தடுக்கும் சட்ட முன்வரைவு ஒன்றைத் தயாரிக்க மத்திய அரசு ஒரு குழுவை அமைத்தது. 1969-இல் நாடாளுமன்றத்தில் மசோதா கொண்டு வரப்பெற்றது. 1974-ஆம் ஆண்டு மார்ச் 23-ஆம் நாள் நீர் மாசுத் தடுப்பு மற்றும் கட்டுப்பாட்டுச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. எண்ணத்திற்கும் செயலுக்கும் இடையே 12 ஆண்டுகள் கழிந்தன. ஏன் இத்துணைத் தாமதம்?

காரணம் நம் அரசமைப்பிலேயே இருந்தது. நீர் என்பது மாநிலப் பட்டியலில் உள்ள பொருள். நாடாளுமன்றம் தானாக அதனைப் பற்றிச் சட்டம் இயற்ற இயலாது. இரண்டோ அதற்கு மேற்பட்டோ மாநிலங்களின் சட்டமன்றங்கள் தீர்மானம் நிறைவேற்றிக் கேட்டுக்கொண்டால், 252-ஆம் உறுப்பின்படி நாடாளுமன்றம் அம்மாநிலங்களுக்காகச் சட்டம் இயற்றலாம். ஏனைய மாநிலங்கள் பின்னர் விரும்பி ஏற்கலாம். அவ்வாறு முதலில் கேட்ட மாநிலங்களின் வரிசையில் தமிழ்நாடு இல்லை. நம் மாநிலம் அச்சட்டத்தைப் பின்னரே ஏற்றது. 1982-ஆம் ஆண்டு பிப்ரவரி 27-ஆம் நாள்தான் தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் அமைக்கப்பெற்றது. நாட்டின் சட்டத்திற்கும் நம் வாரியத்திற்கும் இடையே ஏறத்தாழ எட்டு ஆண்டுகள் இடைவெளி இருந்தது என்பதை நினைவிற் கொள்ளுங்கள்.

காற்றின் கதை வேறு. 1972-ஆம் ஆண்டு ஜூன் திங்களில் சுவீடன் நாட்டின் தலைநகரான ஸ்டாக்ஹோமில் மனிதச் சுற்றுச்சூழல் பற்றிய ஐக்கிய நாடுகள் மாநாடு கூடிற்று. பிரதமர் இந்திரா காந்தி அம்மையார் அங்கே உரையாற்றினார். பன்னாட்டு மாநாடுகளில் எடுக்கப்பெறும் முடிவுகளை நிறைவேற்ற, 253-ஆம் உறுப்பின்படி நாடாளுமன்றம் நாடு முழுவதற்கும் சட்டம் இயற்றலாம். அந்த அதிகாரத்தைக் கொண்டே 1981-ஆம் ஆண்டில் காற்று மாசுத் தடுப்பு மற்றும் கட்டுப்பாட்டுச் சட்டம் இயற்றப்பெற்றது. நீர்ச் சட்டம் மாநிலங்களின் வாயில் வழியே வந்தது. காற்றுச் சட்டமோ உலக மன்றத்தின் வாயில் வழியே வந்தது. இதற்கிடையில் அரசமைப்பின் 42-ஆம் திருத்தம் 1976-இல் நிறைவேறிற்று. அது சுற்றுச்சூழலைக் காத்தல் அரசின் நெறி என்றும், குடிமக்கள் ஒவ்வொருவரின் கடமை என்றும் எழுதி வைத்தது.

இவ்விரு சட்டங்களும் கொணர்ந்த புதுமை யாது? தண்டனையை மிகுத்ததன்று, இசைவாணை என்னும் முறையை ஏற்படுத்தியதே அப்புதுமை. ஆலையை நிறுவுவதற்கு முன்னும், அதனை இயக்குவதற்கு முன்னும் வாரியத்தின் இசைவைப் பெறுதல் வேண்டும். நாளொன்றுக்கு எத்தனை ஆயிரம் லிட்டர் கழிவுநீர் வெளியேறலாம், அதில் எப்பொருள் எவ்வளவு இருக்கலாம், புகைபோக்கி எவ்வளவு உயரம் இருக்க வேண்டும் என்பனவெல்லாம் அந்த ஆணையில் எழுதப்பெறும். 1860-இன் சட்டம் "கெடுத்தாயா?" என்று கேட்டது. 1974-இன் சட்டம் "எவ்வளவு வெளியிடப் போகிறாய், எப்படித் தூய்மை செய்வாய்?" என்று முன்கூட்டியே கேட்கிறது. வெள்ளம் வருமுன் அணை போடும் அறிவு சட்டத்திற்கு வந்தது இங்கேதான்.

இனி, அளவு என்பதன் பொருளை ஓர் எளிய கணக்கால் விளக்குகிறேன். ஆறு, ஏரி முதலிய நீர்நிலைகளில் விடப்பெறும் கழிவுநீரில் ஈயம் லிட்டருக்கு 0.1 மில்லிகிராமுக்கு மேல் இருத்தல் கூடாது என்பது நாட்டின் பொது விதி. அப்படியானால் ஒரு கிராம் ஈயம், அஃதாவது ஒரு சிட்டிகைப் பொடி, 10,000 லிட்டர் நீரை அந்த எல்லைக்குக் கொண்டு சென்றுவிடும். குடிநீருக்குரிய எல்லையோ அதனினும் பத்து மடங்கு கடுமையானது. காற்றுக்கு 2009-ஆம் ஆண்டில் அறிவிக்கப்பெற்ற தேசியத் தரத்தின்படி, ஈயத்தின் ஆண்டுச் சராசரி ஒரு கன மீட்டருக்கு 0.5 மைக்ரோகிராம். அதே ஒரு கிராம் ஈயம் 20 இலட்சம் கன மீட்டர் காற்றை எல்லைக்கு நிரப்பப் போதும். ஈயம் குழந்தைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுக்கும். அதற்குத் தீங்கில்லாத அளவு என ஒன்று இருப்பதாக மருத்துவ அறிவியல் அறியவில்லை. பழைய பேட்டரிகளை உருக்கும் பட்டறைகள் உள்ள வட்டாரத்தில் தசமப்புள்ளிக்குப் பின்வரும் ஓர் இலக்கத்தின் மதிப்பு என்ன என்பது இப்போது உங்களுக்கு விளங்கும். பேட்டரிகளுக்கென்றே 2001-இலும், பின்னர் விரிவாக 2022-இலும் தனி விதிகள் வகுக்கப்பெற்றமைக்குக் காரணமும் இதுவே.

அளவு இருந்தால் மட்டும் போதுமா? அளந்ததை மெய்ப்பிக்க வேண்டுமன்றோ? நீர்ச் சட்டத்தின் 21-ஆம் பிரிவு இதற்கு நுணுக்கமான முறையை வகுத்துள்ளது. மாதிரி எடுக்க வந்த அதிகாரி ஆலைப் பொறுப்பாளருக்கு அறிவிப்புத் தர வேண்டும். அவர் முன்னிலையில் மாதிரியை இரண்டு பகுதியாக்கி, கலங்களில் அடைத்து, முத்திரையிட்டு, இருவரும் கையொப்பமிட வேண்டும். பின்னரே ஆய்வுக்கூடத்திற்கு அனுப்ப வேண்டும். ஒரு முத்திரை தவறினாலும் வழக்கு நீதிமன்றத்தில் தளர்ந்துவிடக்கூடும். குற்றம் சாட்டப்பட்டவர்க்கும் நீதி வேண்டும் என்பதால் இவ்வாறு விதித்தனர். ஆனால் நள்ளிரவில் பத்து நிமிடம் வெளியேறும் புகையும், மழை நாளில் திறந்துவிடப்படும் கழிவுநீரும், அதிகாரியின் கலத்திற்காகக் காத்திருப்பதில்லை. சட்டம் முன்னால் வந்து நிற்கக் கற்றபோதிலும், சான்று மட்டும் பின்னாலேயே வந்துகொண்டிருந்தது.

அக்குறையின் கொடுமையை நாடு 1984-ஆம் ஆண்டு டிசம்பர் 2-ஆம் நாள் இரவில் கண்டது. போபால் நகரில் பூச்சிக்கொல்லி ஆலையிலிருந்து வெளியேறிய மீதைல் ஐசோசயனேட் என்னும் நச்சு வாயு ஆயிரக்கணக்கானோரின் உயிரைக் குடித்தது. காற்றுச் சட்டம் வந்து மூன்றாண்டுகள் கடந்திருந்தன. ஆயினும் அஃது அம்மக்களைக் காக்கவில்லை. அதன் விளைவாக 1986-இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் பிறந்தது. நீர், காற்று, நிலம் ஆகிய அனைத்தையும் ஒன்றாகக் கருதி, நாடு முழுவதற்கும் தரங்களை விதிக்கும் அதிகாரத்தை அது மத்திய அரசுக்குத் தந்தது. அடுத்த இரண்டாண்டுகளில் பழைய இரு சட்டங்களும் திருத்தப்பெற்றன. ஆலையை மூடவும், மின்சாரத்தையும் நீரையும் நிறுத்தவும் வாரியமே ஆணையிடலாம் என்றாயிற்று. அதுமட்டுமன்று, 60 நாள் அறிவிப்புத் தந்துவிட்டுச் சாதாரணக் குடிமகன் ஒருவனும் நீதிமன்றத்தை அணுகலாம் என்றும் ஆயிற்று. அதற்கு முன் அந்த வாயில் மக்களுக்கு அடைபட்டிருந்தது.

நீதிமன்றத்தை அணுகுவதன் பயனை நம் தமிழ்நாட்டு மக்களே நாட்டுக்கு உணர்த்தினர் என்பது பெருமைக்குரிய செய்தி. பாலாற்றங்கரையில் தோல் பதனிடும் ஆலைகளின் கழிவுநீர் கிணறுகளையும் வயல்களையும் கெடுத்தது. வேலூர்க் குடிமக்கள் நல மன்றம் 1991-ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தது. 1996-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 28-ஆம் நாள் நீதிபதி குல்தீப் சிங் அவர்களின் தலைமையிலான ஆயம் தீர்ப்பளித்தது. தோல் தொழில் அந்நியச் செலாவணி ஈட்டித் தருவது உண்மையே. அதற்காக மக்களின் நலத்தையும் இயற்கையையும் அழிக்கும் உரிமை அதற்கில்லை என்பது அத்தீர்ப்பின் சாரம். ஐயம் இருக்கும்போதே முன்னெச்சரிக்கையாகத் தடுத்தல், கெடுத்தவரே சீர்செய்யும் செலவை ஏற்றல் என்னும் இரு கொள்கைகளும் நம் நாட்டுச் சட்டத்தின் பகுதியே என்று அது நிலைநாட்டிற்று. தன் செயல் தீங்கற்றது என்பதை மெய்ப்பிக்கும் பொறுப்பு ஆலை நடத்துவோரையே சாரும் என்றும் அது கூறிற்று. சான்று பின்னால் வந்த குறைக்கு நீதிமன்றம் கண்ட மருந்து இது.

அத்தீர்ப்பு ஐந்து மாவட்டங்களின் தோல் ஆலைகள் ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் அபராதம் விதித்தது. அவற்றுள் ஒன்று செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம். இன்றைய திருவள்ளூர் மாவட்டம் அப்போது அதன் பகுதியாக இருந்தது. 1997-ஆம் ஆண்டில்தான் தனி மாவட்டமாகப் பிரிந்தது. நீர்நிலைகளிலிருந்து ஒரு கிலோமீட்டருக்குள் பெருமாசு விளைக்கும் தொழில்களை அமைக்கலாகாது என 1989-ஆம் ஆண்டில் தமிழ்நாடு அரசு பிறப்பித்த ஆணையைக் கண்டிப்பாக நிறைவேற்ற வேண்டும் என்றும் நீதிமன்றம் பணித்தது. ஏரிகள் நிறைந்த இம்மாவட்டத்திற்கு அந்த ஒரு கிலோமீட்டர் எவ்வளவு பெரிய காப்பு என்று எண்ணிப் பாருங்கள்.

இவ்வளவு நடந்தும் தீங்கு நின்றுவிட்டதா? மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2009-ஆம் ஆண்டில் நாட்டின் 88 தொழிற்பகுதிகளை மதிப்பிட்டபோது, 43 பகுதிகள் மிகக் கடுமையாக மாசுற்றவை எனக் கண்டது. அவற்றுள் ஒன்று, அன்று திருவள்ளூர் மாவட்டத்தில் இருந்த மணலி. அப்பகுதிகளில் புதிய ஆலைகளுக்குச் சுற்றுச்சூழல் அனுமதி தருவதை 2010-இல் மத்திய அரசு சில காலம் நிறுத்தி வைத்தது. 2023-ஆம் ஆண்டு டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் கலந்து எண்ணூர்க் கழிமுகத்தில் படர்ந்தது. மீனவர்களின் படகும் வலையும் கறுத்தன. அதே மாத இறுதியில் எண்ணூரில் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்து, மக்கள் நள்ளிரவில் வீடுகளை விட்டு ஓடினர். இரண்டையும் 2010-ஆம் ஆண்டின் சட்டப்படி அமைந்த தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு தானே முன்வந்து விசாரித்தது. விசாரணை விரைந்து வந்தது மெய்தான். எனினும் தீங்கு அதற்கு முன்பே வந்துவிட்டது.

அண்மையில் சட்டத்தின் போக்கு மற்றொரு திசையிலும் திரும்பியுள்ளது. 2023-இலும் 2024-இலும் இயற்றப்பெற்ற திருத்தங்கள், முன்பு சிறைத் தண்டனைக்குரியனவாக இருந்த பல மீறல்களை 10,000 ரூபாய் முதல் 15 இலட்சம் ரூபாய் வரை பணத் தண்டனைக்குரியனவாக மாற்றின. நீர்ச் சட்டத்தின் திருத்தம் பழைய முறைப்படியே, கேட்டுக்கொண்ட மாநிலங்களுக்கு முதலில் பொருந்துமாறு இயற்றப்பெற்றது. நீண்ட வழக்குகளைக் காட்டிலும் உடனடி அபராதம் பயன் தரும் என்பர் ஒரு சாரார். பெரிய ஆலைக்கு 15 இலட்சம் என்பது ஒரு நாள் செலவே அன்றோ என்பர் மற்றொரு சாரார். இரண்டிலும் பொருள் உண்டு. என் கருத்தைக் கேட்டால், தண்டனையின் அளவைவிடத் தண்டனையின் உறுதியே மனிதனைத் திருத்தும். தேர்வில் மதிப்பெண் குறையும் என்ற அச்சத்தைக் காட்டிலும், ஆசிரியர் விடைத்தாளைக் கட்டாயம் படிப்பார் என்ற எண்ணமே மாணவனைப் படிக்க வைக்கிறது. 2025-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 4-ஆம் நாள் உச்ச நீதிமன்றம், உரிய விதிகளின்படி மாசுக் கட்டுப்பாட்டு வாரியங்களே ஈட்டுத்தொகை விதிக்கலாம் என்று தீர்ப்பளித்தது இவ்வகையில் வரவேற்கத்தக்கது.

ஆயின் விடைத்தாளைப் படிப்பவர் வாரியத்தின் பொறியாளர் மட்டுமல்லர், நாமும் படிக்கலாம். நீர்ச் சட்டத்தின் 25-ஆம் பிரிவைக் கவனியுங்கள். இசைவாணைகளின் நிபந்தனைகளை வாரியம் ஒரு பதிவேட்டில் எழுதி வைக்க வேண்டும். அக்கழிவுநீரால் பாதிக்கப்படுபவர் எவரும் அதனைப் பார்வையிட உரிமை உண்டு. காற்றுச் சட்டத்திலும் இதே போன்ற ஏற்பாடு இருக்கிறது. 1997-ஆம் ஆண்டு முதல், பெரிய தொழில் திட்டங்களுக்கு அனுமதி வழங்குவதற்கு முன் பொதுமக்கள் கருத்துக் கேட்புக் கூட்டம் நடத்தும் முறையும் வந்துள்ளது. கும்மிடிப்பூண்டியில் காற்றின் தரத்தை இடைவிடாது அளக்கும் நிலையம் ஒன்று இயங்குகிறது. அதன் எண்களை எவரும் காணலாம். இவையெல்லாம் சட்டம் நமக்குத் தந்த கண்கள். நாம் அவற்றை மூடிக்கொண்டால், சட்டம் மீண்டும் 1860-ஆம் ஆண்டுக்கே திரும்பி, தீங்கிற்குப் பின்னால் நடக்கத் தொடங்கிவிடும்.

ஆகவே மாணவ நண்பர்களே, கருத்துக் கேட்புக் கூட்டத்தின் அறிவிப்பு உங்கள் ஊருக்கு வருமாயின், அந்தத் திட்ட அறிக்கையை நீங்கள் படித்துப் பெரியவர்களுக்கு எளிய தமிழில் எடுத்துச் சொல்லுங்கள். லிட்டருக்கு எத்தனை மில்லிகிராம் என்று கேளுங்கள். கழிவுநீர் எந்த ஓடையில் விழும் என்று கேளுங்கள். ஆலை வேண்டாம் என்று சொல்வது எளிது. ஆலை போதும் என்று வாளாவிருப்பது அதனினும் எளிது. ஆலையும் வேண்டும், அதன் கணக்கும் வேண்டும் என்று கேட்பதுதான் கடினம். நீங்கள் கற்கும் வேதியியலும் கணக்கும் குடிமையியலும் அந்த ஒரு கேள்வியைத் தெளிவாகக் கேட்க உதவுமாயின், உங்கள் கல்வி ஊருக்குப் பயன்பட்டது என்று கொள்ளலாம்.